குன்னூர்ப் பக்கம் ஒரு பழைய புகைபோக்கிக்குக் கரிக்கதவு வைத்தது: ஒரு நிகழ்வு ஆய்வு

நீலகிரியில் பழைய வீடுகளைப் பழுதுபார்ப்பது என் தொழில். கூரை ஒழுகல், சுவரில் ஈரம், கரையான் என்று வருகிற வேலைகளுக்கு நடுவே வருடத்துக்கு மூன்று நான்கு புகைபோக்கிகளும் வரும். இது அப்படி வந்த ஒன்று. புகைபோக்கியின் அடியில் சேரும் கரியை அள்ளுவதற்கு முக்கால் அடிகூட இல்லாத ஓர் இரும்புக் கதவு, இரண்டு நாள் வேலை என்று நினைத்துத்தான் தொடங்கினோம். சுவரில் தப்பான இடத்தில் ஓட்டை போட்டு, செய்த கதவை ஒருமுறை தூக்கிப் போட்டு, கடைசியில் ஆறு வாரம் இழுத்துவிட்டது. வீட்டுக்காரரிடம் கேட்டுக்கொண்டுதான் எழுதுகிறேன். பெயரும் வீடு இருக்கும் இடமும் வேண்டாம் என்றார், அதனால் அவை இல்லை.

வீடும் அடுப்பும்

குன்னூரிலிருந்து கொஞ்ச தூரத்தில், வெள்ளைக்காரர் காலத்தில் கட்டிய ஒற்றைத் தள வீடு. செங்கல், சுண்ணாம்புக் காரை, மேலே மரச்சட்டத்தில் தகரக் கூரை, கூரைக்கும் அறைக்கும் நடுவே ஆள் குனிந்து போகிற உயரத்தில் மச்சு. ஓய்வுபெற்ற கணவனும் மனைவியும் வாங்கி, மூன்று அறைகளைச் சுற்றுலா வருபவர்களுக்கு வாடகைக்கு விடுகிறார்கள்.

ஹாலில் ஒரு காலத்தில் திறந்த கணப்பு இருந்திருக்கிறது. அதை யாரோ செங்கல் வைத்து அடைத்துவிட்டார்கள், எப்போது என்று இவர்களுக்குத் தெரியாது. நான்கு வருடம் முன்பு இவர்கள் ஓர் இரும்பு விறகடுப்பு வாங்கி, அடைத்த சுவருக்கு முன்னால் வைத்து, அதன் ஆறு அங்குலப் புகைக்குழாயைத் தரையிலிருந்து ஐந்து அடி உயரத்தில் சுவரைத் துளைத்துப் பழைய புகைபோக்கிக்குள் செருகியிருந்தார்கள். வேலை பார்க்க அழகாகவே இருந்தது. சுவரில் புது ஓடு ஒட்டி, குழாயைச் சுற்றி ஒரு பித்தளை வளையம்கூட மாட்டியிருந்தார்கள்.

இந்த அமைப்பில் ஒரு விஷயம் யாருக்கும் தோன்றவில்லை. திறந்த கணப்பு இருந்தவரை மேலிருந்து கரி விழுந்தால் நேராகக் கணப்புக்குள் வந்து விழும், காலையில் சாம்பலோடு சேர்த்து அள்ளிவிடுவார்கள். அதை அடைத்த பிறகு விழுகிற கரிக்குப் போக இடமில்லை. குழாய் நுழையும் இடத்துக்குக் கீழே ஒரு மூடிய பள்ளம், அவ்வளவுதான்.

டிசம்பரில் நடந்தது

கிறிஸ்துமஸ் வாரம், வீடு நிரம்பி இருந்தது. அடுப்பு சரியாக இழுக்கவில்லை, கதவைத் திறந்தால் புகை ஹாலுக்குள் வருகிறது என்று முதலில் சமையல் அம்மா சொல்லியிருக்கிறார். ஈர விறகாக இருக்கும் என்று விட்டுவிட்டார்கள். இரண்டாம் நாள் காலையில் ஹாலை ஒட்டிய அறையில் தங்கியிருந்த குடும்பத்தில் மூன்று பேருக்கும் தலைவலி, குழந்தைக்கு வாந்தி. மலைப்பாதை வளைவுகள்தான் காரணம் என்று அவர்களே சொல்லிக்கொண்டார்கள். ஆனால் வந்து இரண்டு நாள் ஆகிவிட்டதே, இன்னுமா பாதை சுற்றும் என்று வீட்டுக்காரரின் மனைவிக்கு உறுத்தியிருக்கிறது. அடுப்பை அணைக்கச் சொல்லி, ஜன்னல்களைத் திறந்து வைத்தது அவர்தான். மதியத்துக்குள் எல்லாருக்கும் சரியாகிவிட்டது. இந்த நிகழ்வில் எடுத்த முடிவுகளிலேயே முக்கியமானது அதுதான், அது என்னுடையது இல்லை.

குளிர்காலத்தில் மூடிய அறையில் கரியடுப்பு வைத்துத் தூங்கியவர்கள் எழுந்திருக்கவே இல்லை என்ற செய்தி மலை ஊர்களில் அவ்வப்போது வருவதுதான். கார்பன் மோனாக்சைடுக்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை. ரத்தத்தில் இருக்கும் ஹீமோகுளோபின் ஆக்சிஜனைப் பிடிப்பதைவிட 200 மடங்குக்கு மேல் இறுக்கமாக அதைப் பிடித்துக்கொள்ளும். புகை கண்ணை எரித்தால் வெளியே ஓடுவோம், இது எரிக்காது.

அன்று மாலையே என்னைக் கூப்பிட்டார்கள். அடுப்பின் கதவைத் தொடாதீர்கள், அடுப்பை மூட்டாதீர்கள், கார்பன் மோனாக்சைடு எச்சரிக்கைக் கருவி ஒன்று ஆன்லைனில் வாங்கி வையுங்கள் என்று போனில் சொன்னேன்.

நேரில் பார்த்தது

ஜனவரி இரண்டாம் வாரம்தான் போக முடிந்தது. கூடவே மேஸ்திரியும் வந்தார். அறுபதைத் தாண்டியவர், இந்த வட்டாரத்துப் பங்களாக்களில் பாதிக்குச் சுண்ணாம்புப் பூச்சு அவர் கை பட்டது. வீட்டுக்காரர் எடுத்த எடுப்பிலேயே, "புகைபோக்கியில எதுவும் இருக்காது தம்பி, நவம்பர்லதான் ஆள் வச்சு சுத்தம் பண்ணினோம்" என்றார். ஒருவர் கூரையேறி, கயிற்றில் கல்லும் சாக்குப் பந்தும் கட்டி மேலும் கீழுமாக இழுத்திருக்கிறார், ஐந்நூறு ரூபாய் வாங்கிக்கொண்டு போயிருக்கிறார்.

மேஸ்திரி ஒரே கேள்விதான் கேட்டார். "எத்தனை சாக்கு கரி அள்ளினீங்க சார்?"

கரி எதுவும் வரவில்லையே, வீடு சுத்தமாகத்தான் இருந்தது என்றார் வீட்டுக்காரர். சொல்லி முடிக்கும்போதே அவருக்கும் புரிந்துவிட்டது. நான்கு வருடக் கரியையும் தட்டி உள்ளேயே கீழே தள்ளியிருக்கிறார்கள்.

ஜன்னல் கதவுகளை எல்லாம் திறந்து வைத்துவிட்டு, கருவியை ஸ்டூலில் வைத்து, இரண்டு கைப்பிடி சுள்ளி மட்டும் அடுப்பில் போட்டுக் கொளுத்திப் பார்த்தோம். ஹாலில் புகை கண்ணுக்குத் தெரியாத அளவுதான். ஆனாலும் கால் மணி நேரத்தில் கருவியின் எண் 60 பிபிஎம்மை, அதாவது காற்றின் பத்து லட்சம் பங்கில் 60 பங்கைத் தாண்டிவிட்டது. அணைத்துவிட்டோம்.

அப்புறம் மேலே ஏறி, கயிற்றில் இரும்புக் குண்டு கட்டி இறக்கினோம். புகைபோக்கியின் வாய் ஹால் தரையிலிருந்து 24 அடி. குண்டு முதலில் எட்டரை அடியில் ஒரு விளிம்பில் உட்கார்ந்தது, அது மச்சுக்குள் இருக்கும் வளைவு. கூரை உத்தரத்தைத் தவிர்க்க அந்த இடத்தில் புகைபோக்கியைப் பக்கவாட்டில் நகர்த்திக் கட்டியிருக்கிறார்கள். ஆட்டி ஆட்டி விட்டதும் சரிந்து இறங்கி 19 அடியில் நின்றது. அப்படியென்றால் அடைப்பின் மேல்மட்டம் தரையிலிருந்து ஐந்து அடி. குழாயின் நடுப்புள்ளியும் ஐந்து அடி. பாதிக் குழாய் கரியில் புதைந்திருக்கிறது.

மச்சுக்குள் போய்ப் பார்த்ததில் வளைவின் வெளிப்பூச்சில் கருப்பாகக் கசிந்த கறை, உள்ளங்கை அகலம். தொட்டால் பிசுபிசு. அதிலிருந்து ஒன்றரை அங்குலத்தில் ஒரு மரச்சட்டம். இதைப் பார்த்தபோதுதான் எனக்கு உண்மையில் வயிறு கலங்கியது.

கரி ஏன் இவ்வளவு

இதற்கு மூன்று காரணம் சொல்லலாம், மூன்றும் சேர்ந்துதான் வேலை செய்திருக்கின்றன. விறகு பெரும்பாலும் கற்பூர மரம் (யூகலிப்டஸ்), நடுவே சீகை (வாட்டில்). வடகிழக்கு மழை முடிந்து அறுத்து, ஒரு மாதம்கூடக் காயாமல் அடுப்புக்குப் போயிருக்கிறது. விறகில் ஈரம் 20 சதவீதத்துக்குக் கீழே இருக்க வேண்டும் என்பது பொதுவான கணக்கு. இங்கே அடுக்கியிருந்ததில் ஒரு துண்டைப் பிளந்து கன்னத்தில் வைத்தால் ஜில்லென்று இருந்தது, மீட்டரே தேவையில்லை. அடுத்து, ராத்திரி முழுக்க அணையாமல் இருக்கட்டும் என்று காற்றுத் திறப்பை மூடி அடுப்பைப் புகைய விட்டிருக்கிறார்கள். குறைந்த சூட்டில் புகையும் நெருப்பிலிருந்துதான் தார் மாதிரியான கிரியோசோட் அதிகம் வரும்.

மூன்றாவதைத்தான் யாரும் யோசிப்பதில்லை. அடுப்பின் குழாய் ஆறு அங்குலம், அதன் வாய்ப்பரப்பு சுமார் 28 சதுர அங்குலம். பழைய புகைபோக்கியின் உள்ளளவு 14க்கு 9, அதாவது 126. நாலரை மடங்கு. அமெரிக்க விதிகளில் வீட்டுக்குள் ஓடும் புகைபோக்கிக்கே மூன்று மடங்குக்கு மேல் போகக் கூடாது என்கிறார்கள். வாய்க்காலில் வேகமாக வந்த தண்ணீர் ஏரிக்குள் நுழைந்ததும் சோம்பிப் போவது போல, புகை அகலமான இடத்தில் மெதுவாகி, ஆறி, சுவரில் படிந்துவிடுகிறது.

எங்கே கதவு வைப்பது

கீழே கரி எடுக்க வழி வேண்டும் என்பதில் சந்தேகமே இல்லை. எந்தப் பக்கம் என்பதில்தான் பேச்சு. ஹால் பக்கம் வைத்தால் ஒவ்வொரு வருடமும் ஹாலெல்லாம் கரி, சுவரில் ஒட்டிய புது ஓடுகளையும் உடைக்க வேண்டும். அந்தப் புகைபோக்கியின் பின்பக்கம் சமையலறைத் தாழ்வாரத்துக்குத் திறந்திருக்கிறது, அங்கே வைத்தால் அள்ளிக்கொண்டு நேராகத் தோட்டத்துக்குப் போய்விடலாம். எல்லாருக்கும் சம்மதம். ஆனால் அதே சுவரை ஒட்டி இரண்டு கேஸ் சிலிண்டர்கள் நின்றன. கரியில் கனல் உள்ளே உயிரோடு இருக்கும், இரண்டு நாள் கழித்து அள்ளினால்கூட நம்ப முடியாது. சிலிண்டரைத் தாழ்வாரத்தின் மறுகோடிக்கு மாற்றி, குழாயை நீட்டிய பிறகுதான் சுவரில் உளி வைக்கலாம் என்றேன். வீட்டுக்காரர் முணுமுணுத்தார். அவர் மனைவி அன்று மதியமே கேஸ் ஏஜென்சிக்குப் போன் போட்டுவிட்டார்.

மச்சில் வளைவுப் பக்கமும் ஒரு கதவு வைக்கலாமா என்று வீட்டுக்காரர் கேட்டார். நியாயமான கேள்வி, வளைவும் கதவும் பழைய ஜோடி. சிறுவர்களைப் புகைபோக்கிக்குள் ஏற்றி இறக்கிச் சுத்தம் செய்துகொண்டிருந்த இங்கிலாந்தில், அதைத் தடுக்க 1840இல் வந்த சட்டத்திலேயே புகைவழியின் கோணம் 120 டிகிரிக்குக் குறையக் கூடாது, அதைவிட மடக்கிக் கட்டுவதானால் ஆறு அங்குலச் சதுரத்துக்குக் குறையாத கதவு வைக்க வேண்டும் என்று இருக்கிறது. கதவு இருந்தால் ஆள் ஏற வேண்டாம், பிரஷ் போதும் என்பது கணக்கு. நம் வளைவு 135 டிகிரி பக்கம், அவ்வளவு கூர்மை இல்லை. அதோடு மச்சு முழுக்க மரம், யாரும் போகாத இடம். அங்கே ஒரு கதவு சரியாக மூடாமல் இருந்தால் ஒருவருக்கும் தெரியாது. கீழே ஒரு கதவு வந்துவிட்டால் கயிற்றின் ஒரு முனை மேலே, மறுமுனை கீழே என்று இரண்டு பேர் பிரஷை முன்னும் பின்னும் இழுக்க முடியும், வளைவையும் அதுவே தேய்த்துவிடும். மச்சுக் கதவு வேண்டாம் என்று முடிவு செய்தோம். இப்போதும் அது சரியென்றே நினைக்கிறேன்.

முதல் ஓட்டை, தப்பான இடத்தில்

இங்கேதான் நான் சறுக்கினேன். ஐந்து அடி வரை கரி நிறைந்திருக்கிறது என்று எடுத்துக்கொண்டு, அடியிலிருந்து எல்லாவற்றையும் அள்ளலாம் என்று தரைக்கு ஓர் அடி மேலே குறி போட்டேன். மேஸ்திரி அரை நாள் உளி அடித்து, ஒன்பது அங்குலச் சுவரைத் தாண்டினால் உள்ளே கரி இல்லை. செம்மண்ணும் உடைந்த செங்கலும் கெட்டிப்பட்டு நிற்கிறது. பழைய கணப்பை அடைத்தவர்கள் முன்பக்கம் சுவர் மட்டும் வைக்கவில்லை, உள்ளேயும் கல்லும் மண்ணும் போட்டு நிரப்பியிருக்கிறார்கள். எங்கே வரை என்று தெரியாது.

"மொதல்ல ஒரு துளை போட்டுப் பார்த்திருக்கலாம் தம்பி" என்றார் மேஸ்திரி, கோபமில்லாமல். கோபப்பட்டிருந்தாலும் தகும்.

அடுத்த நாள் 10 மில்லிமீட்டர் பிட் போட்ட துளைப்பானோடு, அரை அடிக்கு ஒன்றாக மேலே ஏறிக்கொண்டே போனோம். பிட்டோடு வெளியே வரும் தூளைக் கையில் வாங்கிப் பார்ப்பதுதான் சோதனை. முதலில் வெள்ளைச் சுண்ணாம்பு, அப்புறம் செங்கல் சிவப்பு, அதற்கப்புறம் மண் பழுப்பு. இரண்டு அடியில் பழுப்பு, இரண்டரையில் பழுப்பு, மூன்றில் பழுப்பு, மூன்றரையிலும் பழுப்பு. இன்னும் கால் அடி ஏறி மூன்றே முக்காலில் பிட் திடீரென்று உள்ளே விழுந்தது போலப் போய், வெளியே இழுத்தபோது மையாகக் கருப்புத் தூள், கூடவே பழைய பீடி நாற்றம். மூன்றரை அடி வரை மண், அதற்கு மேல் ஒன்றரை அடிதான் கரி. இவ்வளவு சின்னப் பள்ளம் என்பதால்தான் நான்கே வருடத்தில் நிறைந்திருக்கிறது. உண்மையிலேயே ஐந்து அடிப் பள்ளமாக இருந்திருந்தால் இன்னும் பல வருடம் ஒன்றும் தெரியாமல் ஓடியிருக்கும்.

அளவு இப்போது நெருக்கமாகிவிட்டது. கதவின் மேல்விளிம்பு குழாய்த் துளையின் அடிவிளிம்புக்கு ஆறு அங்குலமாவது கீழே இருக்க வேண்டும், இல்லாவிட்டால் சூடான புகை நேராகக் கதவில் மோதும். குழாயின் அடி நாலடி ஒன்பது அங்குலம், அதனால் கதவின் மேல்விளிம்பு நாலடி மூன்று. கீழ்விளிம்பு மூன்றடி ஏழு. எட்டுக்கு எட்டு அங்குலத் திறப்பு, முழங்கை வரை உள்ளே போகிறது, போதும்.

உள்ளே நிரப்பிய மண்ணையும் தோண்டி எடுத்துப் பள்ளத்தை ஆழமாக்கிவிடலாம், அஞ்சு வருஷத்துக்குத் திறக்கவே வேண்டாம் என்றார் மேஸ்திரி. நான் ஒத்துக்கொள்ளவில்லை. அந்த மண்தான் முன்பக்கத்து ஒற்றைச் சுவரைப் பின்னாலிருந்து தாங்குகிறதோ என்ற பயம் ஒன்று. ஐந்து வருடம் திறக்க வேண்டாம் என்று சொன்னால் இந்த வீட்டில் பத்து வருடம் திறக்கமாட்டார்கள் என்பது இன்னொன்று. மண்ணின் மேல்மட்டத்தைத் தட்டிக் கெட்டித்து, கதவை நோக்கிச் சரிவாகச் சுண்ணாம்பும் சுர்க்கியும் (செங்கல் தூள்) பூசிவிடச் சொன்னேன்.

கரி அள்ளிய நாள்

அள்ளியது மொத்தம் ஒன்றரை சிமென்ட் சாக்கு. மேல் அரை அடி நவம்பரில் தட்டியது, மெத்தென்ற தூளும் சுவரிலிருந்து உரிந்த செதில்களும். அதற்குக் கீழே மைனா கூட்டுச் சுள்ளிகள், ஒரு துண்டு நீல நைலான் கயிறு. அடியில் உதிர்ந்த சுண்ணாம்பும் தார் கட்டிகளும், உடைத்தால் கருங்கண்ணாடி மாதிரி பளபளவென்று முறிந்தது.

மேஸ்திரிக்கு முகக்கவசம் பிடிக்காது, துண்டு போதும் என்பார். லண்டனில் புகைபோக்கி துப்புரவாளர்களுக்கு வரும் புற்றுநோய்க்குக் கரிதான் காரணம் என்று பெர்சிவல் பாட் என்ற அறுவை மருத்துவர் 1775லேயே எழுதியதைச் சொல்லிப் பார்த்தேன், அசையவில்லை. கவசம் போடாமல் கைவிட்டால் நான் கிளம்பிவிடுவேன் என்றதும் போட்டுக்கொண்டார்.

முதல் கதவும் அது செய்த வேலையும்

வெளிநாட்டில் இதற்கென்றே வார்ப்பிரும்புக் கதவு கடையில் கிடைக்கும். இங்கே பட்டறையில்தான் செய்ய வேண்டும். நான் அளவு மட்டும் எழுதிக் கொடுத்துவிட்டு வேறு வேலைக்குப் போய்விட்டேன். வந்தது, மின்சார மீட்டர் பெட்டிக்கு வைப்பார்களே, அதே மாதிரி மெல்லிய தகட்டில் ஒரு கீல், ஒரு தாழ்ப்பாள். விளிம்பில் தாள் நுழைகிற இடைவெளி. நானும் சரி, பார்ப்போம் என்று விட்டுவிட்டேன், இது என் இரண்டாவது தவறு. மேஸ்திரியின் பையன் சட்டத்தைச் சுற்றி சிமென்ட் வைத்துப் பூசினான்.

பிரஷ் போட்டு முழுப் புகைபோக்கியும் சுத்தம், அடைப்பு இல்லை, ஆனால் அடுப்பு முன்பைவிடக் கொஞ்சம்தான் நன்றாக இழுத்தது. ஓர் ஊதுபத்தியைக் கொளுத்தி கரிக்கதவின் விளிம்பில் காட்டினேன். புகை நேராகப் படுத்து, கோடு போட்டது போல இடைவெளிக்குள் போய்விட்டது, நான்கு பக்கமும். புகைபோக்கி இழுப்பதே உள்ளே இருக்கும் சூடான காற்று வெளிக்காற்றைவிட லேசாக இருப்பதால்தான். கீழே ஒரு பொத்தல் இருந்தால் அது அடுப்பு வழியாக இழுப்பதற்குப் பதில் தாழ்வாரத்துக் குளிர்காற்றைச் சுலபமாக அந்த வழியே இழுத்துக்கொள்ளும், உள்ளே இருப்பதும் ஆறிவிடும். ஆறினால் இன்னும் தார் படியும். இதைவிடப் பயம் வேறொன்று. சுவரில் படிந்த தார் எப்போதாவது பற்றிக்கொண்டால் உள்ளே 1000 டிகிரி செல்சியஸ்கூடத் தாண்டலாம், அப்போது காற்றை அடைப்பதுதான் முதல் வேலை. நாமோ அடியில் ஊதுகுழல் வைத்துக் கொடுத்திருக்கிறோம்.

பத்து நாளில் இன்னொன்றும் தெரிந்தது. கதவின் கீழ்விளிம்பிலிருந்து வெள்ளைச் சுவரில் தேன் நிறத்தில் ஒரு கோடு வழிந்திருந்தது. சட்டத்தைச் சுற்றிய சிமென்டில் மூலைக்கு ஒன்றாக விரிசல், இரும்பு சூட்டில் விரிய இடமே விடவில்லை.

இரண்டாவது கதவு

இந்த முறை பட்டறையிலேயே உட்கார்ந்துகொண்டேன். சட்டம் 40 மில்லிமீட்டர் ஆங்கிளில், கதவு 5 மில்லிமீட்டர் தகட்டில். கீல் வேண்டாம், கீல் இருந்தால் ஒரு பக்கம் இறுகும், மறுபக்கம் தூக்கும். நான்கு மூலையிலும் போல்ட், அதில் கையால் திருகுகிற இறக்கை நட்டு. நடுவே அழுத்துவதற்கு 10 மில்லிமீட்டர் கயிறு. ஹார்டுவேர் கடையில் முதலில் எடுத்துக் காட்டியது ஆஸ்பெஸ்டாஸ் கயிறு, அதை வேண்டாம் என்று சொல்லிவிட்டு, கோயம்புத்தூரில் பாய்லர் சாமான் விற்கும் கடையிலிருந்து கண்ணாடி இழைக் கயிறு வாங்கினேன். உள்பக்கம் ஒரு தகடு டப்பாவைப் பற்றவைத்து ராக்வூல் (சூடு தாங்கும் கல் இழைப் பஞ்சு) அடைத்தோம், கதவு குளிர்ந்து போய் அதன்மேல் தார் வேர்க்காமல் இருக்க. கீழ்விளிம்பில் அரை அங்குல உதடு, வழிகிறது உள்ளேயே நிற்கும்.

சிமென்டை உளியால் எடுத்துவிட்டு, சட்டத்தைச் சுற்றிக் கொஞ்சம் இடம் விட்டு அதில் அதே கயிற்றை அடைத்து, மேலே சுண்ணாம்பு சுர்க்கி. முதல் கதவு 1,400 ரூபாய், இது 3,800. தப்பு ஓட்டையை அடைத்த கூலியையும் முதல் கதவின் விலையையும் நான் ஏற்றுக்கொண்டேன். சுண்ணாம்பு இறுக இரண்டு வாரம் அடுப்பு மூட்டக் கூடாது என்றதில் ஒரு வாரக் கடைசி வாடகை போயிற்று என்று வீட்டுக்காரருக்கு வருத்தம், அதையும் கேட்டுக்கொண்டேன்.

மச்சில் அந்தப் பிசுபிசுப்புக் கறை இருந்த இடத்தின் பூச்சைக் கொத்தி எடுத்ததில் ஒரு செங்கல் இணைப்பு முழுக்க உதிர்ந்திருந்தது. காரை அடைத்துத் திரும்பப் பூசி, பக்கத்து மரச்சட்டத்தை ஆசாரியை வைத்து அறுத்து நகர்த்தினோம்.

அதன் பிறகு

பிப்ரவரி கடைசியில் மூட்டினோம். ஊதுபத்தி கதவின் நான்கு பக்கமும் நேராக நின்றது, அடுப்பின் வாயில் காட்டினால் உள்ளே பாய்ந்தது. கருவி இரண்டு மணி நேரமும் பூஜ்யம். அதை ஹாலை ஒட்டிய அறையில் மாட்டச் சொல்லிவிட்டேன், மற்ற இரண்டு அறைக்கும் அவர்களே வாங்கிவிட்டார்கள்.

மறு வருடம் சீசன் முடிந்து ஜனவரியில் கதவைத் திறந்தோம். வாளியில் மூன்றில் இரண்டு பங்கு கரி, பெரும்பாலும் தூள். இடையில் வீட்டுக்காரர் விறகை ஒரு வருடம் முன்பே வாங்கித் தகரத்துக்கு அடியில் காயவைக்கத் தொடங்கியிருந்தார், ராத்திரி காற்றை மூடுவதையும் விட்டிருந்தார். கதவைக் கழற்ற, அள்ள, இரண்டு பேர் கயிற்றில் பிரஷ் இழுக்க, திரும்ப மூட எல்லாம் சேர்த்து இரண்டு மணி நேரம். பிரஷ் நைலான்தான், கம்பிப் பிரஷ் போட்டால் உள்பூச்சுச் சுண்ணாம்பும் சேர்ந்து வந்துவிடும். ஆனால் வளைவுக்கு மேலே சுவரில் ஒட்டியிருக்கும் கண்ணாடி மாதிரியான படலம் நைலானுக்கு அசையவில்லை. கைபேசியை விளக்கோடு கயிற்றில் இறக்கிப் படம் எடுத்துப் பார்த்தோம், இன்னும் மினுங்குகிறது.

மறுபடி செய்தால்

உளியை எடுப்பதற்கு முன் துளைப்பானை எடுப்பேன், அதில் பேச்சே இல்லை. பட்டறைக்கு அளவை மட்டும் கொடுக்காமல், காற்றுப் புகாமல் மூட வேண்டிய கதவு இது என்று படம் போட்டுக் கொடுப்பேன். சிலிண்டர் விஷயத்தை முதல் நாளே கவனித்தது தற்செயல்தான், இப்போது எந்த வீட்டுக்குப் போனாலும் சுவரின் மறுபக்கம் என்ன இருக்கிறது என்று முதலில் போய்ப் பார்க்கிறேன்.

கூரையேறிச் சுத்தம் செய்தவரை வீட்டுக்காரர் கொஞ்ச நாள் திட்டிக்கொண்டிருந்தார். எனக்கு அது நியாயமாகப் படவில்லை. அவருக்குச் சொன்ன வேலையை அவர் செய்தார், கரி எங்கே போகும் என்று யாரும் கேட்கவில்லை, அடுப்பு விற்றவர்களும் கேட்கவில்லை, குழாய் செருகியவர்களும் கேட்கவில்லை.

இதற்கெல்லாம் முழுத் தீர்வு, புகைபோக்கிக்குள் ஆறு அங்குல எவர்சில்வர் குழாயை மேலிருந்து கீழ் வரை இறக்கிவிடுவதுதான். நாலரை மடங்கு அகலம் என்ற சிக்கலும் போகும், பழைய படலமும் நெருப்பிலிருந்து தள்ளி நிற்கும். வளைவு இருப்பதால் வளையும் குழாய் வேண்டும், அதன் விலையைக் கேட்டதும் வீட்டுக்காரர் அடுத்த வருஷம் பார்க்கலாம் தம்பி என்றார். ஜனவரியில் போனபோதும் அதையேதான் சொன்னார். அதுவரை பெரிய நெருப்பு போட வேண்டாம், ஒரே தடவையில் மூன்று கட்டைக்கு மேல் வைக்க வேண்டாம் என்று ஓர் அட்டையில் எழுதி அடுப்புக்குப் பக்கத்தில் மாட்டியிருக்கிறோம்.